காட்சியா, உரையா? ராபர்ட் காப்பாவின் போர்ப்படங்களும் சான்றின் இலக்கணமும்

ஒன்றை உண்மை என்று ஏற்பதற்கு எந்த வழியில் வந்த அறிவு போதுமானது என்ற கேள்வியை இந்தியத் தருக்க நூல்கள் 'அளவை' என்ற தலைப்பில் ஆராய்ந்தன. வடமொழியில் பிரமாணம் எனப்படும் இந்த அளவைகளின் எண்ணிக்கையில் சமயங்கள் ஒருபோதும் உடன்பட்டதில்லை. உலகாயதர் காட்சி ஒன்றையே ஏற்றனர், பௌத்தர் கருதலையும் சேர்த்துக்கொண்டு அத்துடன் நிறுத்தினர், சைவ சித்தாந்தம் பலவாக எண்ணப்பட்ட அளவைகளையெல்லாம் காட்சி, கருதல், உரை என்ற மூன்றில் அடக்கியது. புலன்களால் நேரே அறிவது காட்சி. புகையைக் கண்டு நெருப்பை உய்த்துணர்வது கருதல். நம்பத்தக்கவர் சொல்லக் கேட்டு அறிவது உரை. 19ஆம் நூற்றாண்டில் பிறந்த புகைப்படம் இம்மூன்றில் எதில் அடங்கும் என்பது அந்த நூல்கள் எதிர்கொள்ளாத கேள்வி. பொருளின் மீது பட்ட ஒளியே படச்சுருளில் தடம் பதிப்பதால், படத்தைப் பார்ப்பவர் அந்தப் பொருளையே பார்ப்பதாக எண்ணுகிறார். ஆனால் அவர் உண்மையில் ஒருவர் சொல்வதைக் கேட்டுக்கொண்டிருக்கிறார். 20ஆம் நூற்றாண்டின் புகழ்பெற்ற போர்ப் புகைப்படக்காரரான ராபர்ட் காப்பாவைச் சுற்றி இன்றளவும் ஓயாத வழக்கு, பெரும்பகுதி, உரையைக் காட்சி என்று மயங்கியதன் விளைவு.

காப்பா என்ற பெயரே ஒரு புனைவு. 1913 அக்டோபர் 22 அன்று புடாபெஸ்ட் நகரில் ஆடை தைக்கும் தொழில் செய்த ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்த எந்த்ரே ஃப்ரீட்மன், இடதுசாரி மாணவர் செயல்பாடுகளுக்காகக் கைதாகி, 1931இல் ஹங்கேரியை விட்டு பெர்லினுக்குச் சென்றார். அங்கே ஒரு படநிறுவனத்தின் இருட்டறையில் உதவியாளாக இருந்தவர், 1932 நவம்பரில் கோபன்ஹேகனில் உரையாற்றிய டிராட்ஸ்கியைப் படமெடுத்துத் தொழிலில் கால் வைத்தார். ஹிட்லர் ஆட்சிக்கு வந்ததும் பாரிசுக்கு ஓடினார். அங்கே ஸ்டுட்கார்ட்டில் பிறந்த கெர்டா போஹோரில் என்ற யூதப் பெண்ணைச் சந்தித்தார். வேலை கிடைக்காத இரு அகதிகளும் 1936இல் ராபர்ட் காப்பா என்ற வசதிபடைத்த அமெரிக்கப் புகைப்படக்காரர் ஒருவரைக் கற்பனையாக உருவாக்கி, அவர் எடுத்தவை என்று சொல்லிப் படங்களைக் கூடுதல் விலைக்கு விற்றனர். விரைவில் ஃப்ரீட்மனே காப்பாவாக ஆனார்; போஹோரில் கெர்டா தாரோ ஆனார். அவ்வாண்டு ஆகஸ்டில் இருவரும் உள்நாட்டுப் போர் மூண்டிருந்த ஸ்பெயினுக்குப் போனபோது, பின்னாளில் உலகம் முழுவதும் சாட்சியாக ஏற்றுக்கொண்ட அந்தப் பெயருக்குச் சில மாதங்களே வயது.

வழக்கின் மையத்தில் இருப்பது ஒரே ஒரு படம். வறண்ட புல் படர்ந்த சரிவில், வெளிர்நிறச் சட்டையும் தோளில் குறுக்காகத் தோட்டாப் பைகளும் அணிந்த ஒரு குடியரசுப் போராளி பின்னோக்கிச் சாய்கிறார். விரிந்த வலக்கையிலிருந்து துப்பாக்கி நழுவுகிறது. பின்னால் பெரும்பகுதி வானமே நிறைந்திருக்கிறது. 1936 செப்டம்பர் 23 அன்று பிரெஞ்சு இதழான 'வூ' இதை முதலில் வெளியிட்டது; 1937 ஜூலை 12 நாளிட்ட அமெரிக்க 'லைஃப்' இதழ், கோர்தோபா முனையில் தலையில் குண்டு பாய்ந்து விழும் கணத்தையே காப்பாவின் கேமரா பிடித்துவிட்டதாக விளக்கம் எழுதி, ஒரு முழுப்பக்கத்தில் அச்சிட்டது. எதிர்ப்பக்கத்தில் இருந்தது ஆண்களுக்கான தலைமுடித் தைலத்தின் முழுப்பக்க விளம்பரம் என்பதைப் பின்னாளில் அமெரிக்க எழுத்தாளர் சூசன் சொன்டாக் சுட்டிக்காட்டினார். தலையில் பாய்ந்த குண்டு என்ற விளக்கத்துக்குக் காரணமாக இருந்தது, போராளியின் தலைக்கு மேலே தெரியும் ஒரு சிறு மங்கல் புள்ளி. சிதறிய மண்டையோட்டின் துண்டு என்று பலர் நம்பிய அது, அவர் அணிந்திருந்த தொப்பியின் குஞ்சம் என்று பிறகு விளக்கப்பட்டது.

குஞ்சம் எலும்பாகத் தெரிந்த இந்த நிகழ்வைத் தருக்க நூலார் திரிபுக்காட்சி என்பர், அதாவது ஒன்றை மற்றொன்றாகக் காணும் பிழை. ஆனால் இங்கே கண் பிழைக்கவில்லை. படத்தின் கீழே இருந்த வாக்கியம் கண்ணுக்கு முன்கூட்டியே பாடம் சொல்லிவிட்டது. இதை விளக்க, காட்சியைச் சிவஞான சித்தியார் பகுக்கும் முறை பெரிதும் உதவுகிறது. பொருள் ஒன்று உண்டு என்ற அளவில் நிற்கும் முதல் உணர்வு நிருவிகற்பக் காட்சி. அதற்குப் பெயர், சாதி, குணம், கருமம் முதலியவற்றை ஏற்றி 'இது இன்னது' என்று துணிவது விகற்பக் காட்சி. பௌத்தர் இன்னும் கடுமையானவர்கள். மணிமேகலையில் அறவண அடிகள் உரைக்கும் தருக்கத்தின்படி, பெயரும் வகையும் குணமும் செயலும் சேராத வெறும் சுட்டுணர்வு மட்டுமே காட்சி, மற்றவை அனைத்தும் கருதலின் பாற்பட்டவை. இந்த அளவுகோலை வைத்துப் பார்த்தால், அந்தப் படம் தன்னளவில் காட்டுவது சரிவில் ஒரு மனிதன் சாய்கிறான் என்பதை மட்டுமே. அவன் குடியரசுப் படையைச் சேர்ந்தவன், அது செர்ரோ மூரியானோ என்ற ஊர், நாள் செப்டம்பர் 5, குண்டு பாய்ந்தது, இறந்தான் ஆகிய யாவும் வெளியிலிருந்து ஏற்றப்பட்ட விகற்பங்கள். ஒரு படம் ஆயிரம் சொற்களுக்குச் சமம் என்று பத்திரிகை அலுவலகங்களில் சொல்லிக்கொள்வதுண்டு. இந்தப் படத்தைப் பொறுத்தவரை, அதன் எடையைத் தாங்கியவை படத்தின் அடியில் இருந்த பத்துப் பன்னிரண்டு சொற்கள்.

அச்சொற்கள் ஒவ்வொன்றாகக் கழன்றன. பத்திரிகையாளர் பிலிப் நைட்லி, போர்ச் செய்தியாளர் வரலாற்றைப் பற்றி 1975இல் வெளியிட்ட நூலில், அக்காலத்தில் ஸ்பெயினில் இருந்த ஒரு செய்தியாளரின் நினைவுகூரலை ஆதாரமாக வைத்து, படம் அமைத்து எடுக்கப்பட்டதாக இருக்கலாம் என்ற ஐயத்தை முதலில் பரவலாக்கினார். 1990களின் நடுவில் மறுதரப்புக்கு வலுவான ஆதாரம் கிடைத்ததுபோல் தோன்றியது: படத்தில் இருப்பவர் அல்கோய் நகரைச் சேர்ந்த பெதெரிக்கோ பொரேல் கார்சியா என்ற போராளி என்றும், செப்டம்பர் 5 அன்று செர்ரோ மூரியானோவில் அவர் இறந்ததற்குப் பதிவு உண்டு என்றும் ஓர் உள்ளூர் வரலாற்று ஆர்வலர் கூறினார், காப்பாவின் வாழ்க்கை வரலாற்றாசிரியரான ரிச்சர்ட் வீலன் அதை ஏற்றார். ஆனால் பொரேல் ஒரு மரத்தின் பின்னே நின்று சுட்டுக்கொண்டிருந்தபோது இறந்தார் என்று அவருடைய தோழர் ஒருவர் 1937இல் எழுதிய குறிப்பு பிறகு வெளிவந்தது. படத்தின் சரிவிலோ மரமே இல்லை. 2009இல் ஸ்பானியப் பேராசிரியர் ஹோசே மனுவேல் சுஸ்பெரேகி, அதே தொடரைச் சேர்ந்த படங்களின் பின்னணியில் தெரியும் மலைத்தொடரை அப்பகுதி ஊர்களுக்கு அனுப்பி விசாரித்தபோது, எஸ்பேஹோ என்ற ஊரின் மாணவர் ஒருவர் அதை அடையாளம் கண்டார். எஸ்பேஹோ, செர்ரோ மூரியானோவிலிருந்து ஏறத்தாழ 50 கிலோமீட்டர் தொலைவில் உள்ளது. அங்கே செப்டம்பர் இறுதியில்தான் போர் நடந்தது, அதாவது படம் பாரிசில் அச்சேறிக்கொண்டிருந்த நாட்களில். இவற்றோடு 'வூ' இதழின் அதே பக்கத்தில் வேறொரு போராளியும் ஏறக்குறைய அதே இடத்தில் விழுகிறார் என்பதையும், ஒருவர் விழும் படத்தில் மற்றவரின் உடல் கிடக்கவில்லை என்பதையும் சேர்த்துப் பார்த்தால், அமைத்து எடுத்த படம் என்ற முடிவை நோக்கியே சான்றுகளின் எடை சாய்கிறது. மெக்சிகோவிலிருந்து மீண்டு 2007 இறுதியில் நியூயார்க்கின் சர்வதேசப் புகைப்பட மையத்துக்கு வந்த மூன்று பெட்டிகளில் காப்பா, தாரோ, அவர்களுடைய சக புகைப்படக்காரர் டேவிட் சேமூர் ஆகியோரின் ஏறத்தாழ 4,500 நெகட்டிவ்கள் இருந்தும், இந்தப் படத்தின் நெகட்டிவ் அவற்றில் இல்லை.

உரை எப்போது அளவையாகும் என்பதற்கு நியாய மரபு தெளிவான விதி வைத்திருக்கிறது. நம்பத்தக்கவனை அம்மரபு ஆப்தன் என்கிறது. நியாய சூத்திரத்துக்குப் பாடியம் எழுதிய வாத்ஸ்யாயனர், பொருளை நேரே அறிந்திருப்பதும் அறிந்தபடியே பிறருக்கு உணர்த்த விரும்புவதும் ஆப்தனின் இலக்கணம் என்று கூறி, முனிவருக்கும் ஆரியருக்கும் மிலேச்சருக்கும் இது பொது என்றும் சேர்க்கிறார். குலமோ தவமோ அல்ல, இந்த இரண்டு நிபந்தனைகளே ஒருவரைச் சாட்சியாக்குகின்றன. காப்பாவின் புகழ் முழுவதும் முதல் நிபந்தனையின் மேல் கட்டப்பட்டது. அவர் போனார், தொலைவிலிருந்து எடுக்கவில்லை, ஸ்பெயின், சீனா, வட ஆப்பிரிக்கா, இத்தாலி, நார்மண்டி என்று போர் நடந்த இடமெல்லாம் உடலைக் கொண்டுபோய் நிறுத்தினார். 1938 டிசம்பரில் பிரித்தானிய 'பிக்சர் போஸ்ட்' இதழ் அவரை உலகின் தலைசிறந்த போர்ப் புகைப்படக்காரர் என்று அறிவித்தபோது அவருக்கு வயது 25. ஆனால் ஆபத்தின் அருகே நின்றது முதல் நிபந்தனைக்குத்தான் சான்று. இரண்டாவது நிபந்தனையாகிய உள்ளது உரைக்கும் விருப்பத்துக்கு அது சான்றாகாது. துணிவுடையவர் பொய் சொல்லமாட்டார் என்ற எண்ணம் பத்திரிகை உலகில் வேரூன்றிய ஒரு மூடநம்பிக்கை என்றே சொல்லலாம்.

விழும் போராளியின் விஷயத்தில் முதல் நிபந்தனையும் ஆட்டம் காண்கிறது, அதுவும் காப்பாவின் சொந்த வாயால். 1947இல் அமெரிக்க வானொலி நேர்காணல் ஒன்றில், அந்தலூசியாவில் பதுங்குகுழியில் போராளிகளோடு இருந்தபோது கேமராவைத் தலைக்கு மேலே தூக்கி, பார்க்காமலேயே விசையை அழுத்தியதாக அவர் கூறினார். நெடுங்காலம் கேட்பாரற்றுக் கிடந்த அந்த ஒலிப்பதிவு 2013இல் மீண்டும் வெளிவந்தது. இதை உண்மை என்று கொண்டால், உலகின் மிகப் புகழ்பெற்ற போர்க் காட்சியை எடுத்தவர் காணவில்லை. அவருடைய புலன் அந்த மரணத்தைத் தொடவில்லை. கருவி பதிந்தது, தொலைவிலுள்ள நகரத்தில் படச்சுருளைக் கழுவியவர் முதலில் கண்டார், ஆசிரியர் விளக்கம் எழுதினார். காட்சியும் இன்றி உரைப்பவனின் நேரறிவும் இன்றி ஒரு சான்று பிறந்து வளர்ந்திருக்கிறது. அந்த நேர்காணலைப் படத்தின் மெய்ம்மைக்கு ஆதாரமாகக் காட்டியவர்கள், அது தங்கள் தரப்பையே எவ்வளவு குலைக்கிறது என்பதைக் கவனித்ததாகத் தெரியவில்லை.

மூன்றாவதாக ஒரு விளக்கமும் உண்டு. மூன்றிலும் அதுவே கடுமையானது. போராளிகள் முதலில் கேமராவுக்காகவே ஓடியும் சாய்ந்தும் விளையாட்டாக நடித்தார்கள், அந்த ஆரவாரம் எதிரியின் கவனத்தை ஈர்த்து மெய்யான குண்டை வரவழைத்தது என்று வீலன் ஊகித்தார். அந்த நாளைப் பற்றிக் காப்பா கலங்கிப் பேசியதாகச் சக புகைப்படக்காரர் ஒருவர் பிற்காலத்தில் நினைவுகூர்ந்ததும் அந்த ஊகத்துக்கு இடம் கொடுத்தது. அவ்வாறாயின் படம் பொய்யில்லை, ஆனால் படமெடுத்த செயலே மரணத்துக்குக் காரணங்களில் ஒன்று. காப்பாவின் நேர்மையைக் காப்பாற்ற முன்வந்த விளக்கம், அவர் மேல் அதைவிடப் பெரிய சுமையை ஏற்றுகிறது. இங்கே பௌத்தமும் சமணமும் பிரியும் இடத்துக்கு வந்துவிடுகிறோம். எண்ணமே வினை என்பது பௌத்தர் கொள்கையாதலால், கொல்லும் எண்ணமில்லாத புகைப்படக்காரரைக் கொலை சாராது. சமணத்தின் தத்துவார்த்த சூத்திரமோ, பிரமாதத்தால் உயிரைப் போக்குவதே இம்சை என்று வரையறுக்கிறது. பிரமாதம் என்பது விழிப்பின்மை, ஆசையாலும் பரபரப்பாலும் கவனம் தவறிய நிலை. போர்முனையில் படத்துக்காக விளையாடியது விழிப்பின்மைக்குப் பாடநூல் உதாரணம். சமணர் கணக்கில் 22 வயதுக் காப்பா தப்பமாட்டார். ஆனால் அந்தக் கணக்கை ஒழுங்காகப் போட்டால், அத்தகைய படங்களுக்குக் காசு கொடுத்த இதழ்களும் அவற்றை வாங்கிப் புரட்டியவர்களும் கூடவே வரிசையில் நிற்கவேண்டிவரும்.

காப்பாவை ஆதரிப்போர் பலர் இத்தனைக்கும் விடையாக ஒரே வாதத்தை வைக்கின்றனர்: அந்த மனிதன் அந்தக் கணத்தில் இறந்திருக்காவிட்டாலும் அவனைப்போன்றோர் ஆயிரக்கணக்கில் இறந்தது உண்மை, குடியரசு 1939இல் வீழ்ந்தது உண்மை, ஆகவே படம் ஒரு பெரிய உண்மையைச் சொல்கிறது. இந்த வாதத்தில் ஒரு சமயத் தன்மை இருக்கிறது. விரிந்த கைகளும் வெளிர்ச் சட்டையும் கிறித்தவக் கண்ணுக்குச் சிலுவையை நினைவூட்டுபவை. கோயா 1814இல் தீட்டிய 'மே 3' ஓவியத்தில் துப்பாக்கிகளுக்கு முன் கை விரித்து நிற்கும் வெண்சட்டைக்காரனும் அதே மரபின் வழிவந்தவன். புனிதரின் திருச்சின்னம் மெய்யானதா என்று பக்தர் கேட்பதில்லை, அது எழுப்பும் பக்தியே அதன் மெய்ம்மை என்பர். விழும் போராளியின் படமும் அவ்வாறே ஒரு திருச்சின்னமாகிவிட்டது. ஓவியமாக இருந்தால் இதில் குறையேதும் இல்லை. அதே கோயா, போரின் கொடுமைகளைப் பற்றிய தம் செதுக்கோவியத் தொடரில் ஒரு படத்துக்கு, இதைத் தாம் கண்டதாகப் பொருள்படும் தலைப்பை இட்டார். ஓவியம் தானாகச் சாட்சி சொல்லாது என்பதை அறிந்திருந்ததால், சாட்சியத்தின் பொறுப்பை அவர் வெளிப்படையாக ஏற்றுக்கொண்டார். புகைப்படம் அந்தத் தலைப்பைச் சொல்லாமலேயே ஒவ்வொரு முறையும் சொல்கிறது. சொல்லாமல் சொல்லும் அந்த வாக்கு பொய்யாகும்போது, பெரிய உண்மை அதை ஈடுசெய்வதில்லை.

அன்றைய ஸ்பெயினில் இது நூல்களுக்குள் அடங்கிய கேள்வியாகவும் இல்லை. 1937 ஏப்ரல் 26 அன்று ஜெர்மானிய, இத்தாலிய விமானங்கள் கெர்னிகா நகரைக் குண்டுவீசி எரித்தபோது, குடியரசை எதிர்த்துப் போரிட்ட ஃபிராங்கோ தரப்பு அதை மறுத்து, பின்வாங்கியவர்களே ஊருக்குத் தீ வைத்தார்கள் என்று உலகத்துக்குச் சொன்னது. கண்டதைக் கண்டபடி எழுதிய செய்தியாளர்களின் நம்பகத்தன்மை ஒன்றே அந்த மறுப்புக்கு எதிராக நின்ற தடை. தன் தரப்பு நியாயமானது என்பதற்காக ஒரு மரணத்தைப் புனைபவர், எதிர்த்தரப்பை ஏமாற்றுவதைவிட அதிகமாக, தன் தரப்பின் மெய்ச்சாட்சிகளின் கைமுதலைச் செலவழித்துவிடுகிறார்.

நார்மண்டிப் படங்களின் கதை வேறு மாதிரியானது. அங்கே படங்கள் மெய், அவற்றைச் சுற்றிய உரையே ஐயத்துக்குரியது. 1944 ஜூன் 6 அன்று நேச நாட்டுப் படைகள் இறங்கிய ஒமாஹா கடற்கரையில் காப்பா நான்கு சுருள்களில் 106 படங்கள் எடுத்ததாகவும், லண்டன் இருட்டறையில் அவசரத்தில் உலர்த்தும் பெட்டி அளவுக்கு மீறிச் சூடாகிப் படலம் உருகிவிட்டதாகவும், 11 மட்டுமே தப்பியதாகவும் எழுபது ஆண்டுகள் சொல்லப்பட்டு வந்தது. 2014இல் தொடங்கி விமர்சகர் ஏ. டி. கோல்மனும் அவரோடு சேர்ந்த புகைப்படக்காரர்களும், அக்காலப் படச்சுருள் அவ்வாறு உருகாது என்றும், காப்பா கரையில் மிகக் குறைந்த நேரமே இருந்து அந்தச் சில படங்களையே எடுத்திருக்கவேண்டும் என்றும் வாதிட்டனர். அன்று லண்டனில் 'லைஃப்' இதழின் பட ஆசிரியராக இருந்து இந்தக் கதையை வாழ்நாளெல்லாம் சொல்லிவந்த ஜான் மோரிசும், அந்தச் சுருள்களில் வேறு படங்களே இல்லாதிருந்திருக்கலாம் என்று இறுதியில் ஒப்புக்கொண்டார். 1947இல் வந்த காப்பாவின் நினைவுக்குறிப்பு நூலின் உறையில், உண்மையை எழுதுவது கடினம் என்பதால் அதற்குச் சற்று அப்பாலும் இப்பாலும் சென்றிருப்பதாக அவரே விளையாட்டாக எச்சரித்திருந்தார். உள்ளபடி உரைக்கும் விருப்பம் தம்மிடம் குறைவு என்று அறிவித்துவிட்ட ஒருவரை ஆப்தன் என்று பிறர் வற்புறுத்தினர். அந்தப் பிழையில் அவருக்குப் பாதிப் பங்குதான். எனினும் ஒன்றை இங்கே பிரித்தறிய வேண்டும்: குண்டுமழையில் அஞ்சித் திரும்பிய மனிதன் எடுத்த 11 படங்கள் அதனால் ஒரு துளியும் குறைவதில்லை. நீரில் கவிழ்ந்து ஊர்ந்துவரும் வீரனின் மங்கலான முகத்துக்கு, உருகிய படலத்தின் துணைக்கதை தேவைப்படவும் இல்லை.

புனைபெயரின் பின்னால் மறைந்துபோன தாரோவுக்கு இந்த வழக்கில் உரிய இடம் கிடைத்ததில்லை. ஸ்பெயினில் எடுத்த தொடக்ககாலப் படங்கள் காப்பா பெயரிலும், பிறகு இருவர் பெயரிலும் வெளிவந்தன. 1937 ஜூலையில் புருனேத்தே போரின்போது பின்வாங்கும் களேபரத்தில் பீரங்கி வண்டியில் அடிபட்டு, 26ஆம் தேதி, 27ஆம் பிறந்தநாளுக்குச் சில நாட்கள் முன்பு அவர் இறந்தார். அதன்பின் அவருடைய படங்கள் பல காப்பாவின் கணக்கில் கரைந்தன. மெக்சிகோப் பெட்டிகளின் நெகட்டிவ்கள்தாம் அவற்றில் ஒரு பகுதியைப் பிரித்து அவருக்கு மீட்டுத் தந்தன. காப்பா நேர்மையானவரா என்று அரை நூற்றாண்டு விவாதித்தவர்கள், காப்பா என்பது தொடக்கத்தில் ஒருவரா என்று கேட்கத் தவறினர். சாட்சி யார் என்று தெரியாமலேயே சாட்சியத்தை விசாரித்தனர். 1947இல் ஆன்றி கார்த்தியே-பிரெஸ்ஸோன், டேவிட் சேமூர், ஜார்ஜ் ராட்ஜர் முதலியோருடன் காப்பா தொடங்கிய மாக்னம் புகைப்பட நிறுவனம், படத்தின் உரிமை இதழுக்கு அல்ல, எடுத்தவருக்கே என்ற விதியை நிலைநாட்டியது. எடுத்தவர் யார் என்பதில் அவருடைய சொந்தப் பெயரே குழப்பம் விளைவித்திருந்த நிலையில், அந்த விதியை அவர் வகுத்தது வரலாற்றின் ஒரு விசித்திரம்.

1954 மே 25 அன்று வியட்நாமின் தாய் பின் அருகே, பிரெஞ்சுப் படையினரோடு சென்றுகொண்டிருந்தபோது கண்ணிவெடியில் கால் வைத்துக் காப்பா இறந்தார். அப்போது அவருக்கு வயது 40. அதற்கு மறு ஆண்டே அவர் பெயரில் துணிவுக்கான தங்கப்பதக்கம் ஏற்படுத்தப்பட்டது, அது இன்றும் வழங்கப்படுகிறது. வாத்ஸ்யாயனரின் முதல் நிபந்தனைக்குக் கொடுக்கப்படும் பரிசு அது. கெட்டுப்போன படச்சுருளை வெறுமனே கெட்டுப்போனது என்றும், பார்க்காமல் எடுத்த படத்தைப் பார்க்காமல் எடுத்தது என்றும் விளக்கக் குறிப்பில் எழுதுபவருக்கு அதுபோல ஒரு பதக்கம் கிடையாது. விழும் போராளியின் அடியில் '1936, எஸ்பேஹோ அருகே, ஒரு போராளி சாய்கிறார்' என்று மட்டும் 'வூ' ஆசிரியர் எழுதியிருந்தால் அந்தக் குறிப்பில் பிழை இருந்திருக்காது, ஆனால் அடுத்த ஆண்டு 'லைஃப்' அதற்கு முழுப்பக்கம் ஒதுக்கியிருக்கவும் மாட்டாது.